பிளைவூட் சுவரில் என் மனுசன்

என் மகள் சினிமாவுக்கும் டிவிக்கும் வீடு கட்டுகிறவள். கூரை இருக்காது, குழாயில் தண்ணீர் வராது. ஆனால் கமராவில் பார்த்தால் பத்து வருசம் மீன் பொரித்த குசினி மாதிரியே இருக்கும். அந்த வேலைக்கு புரொடக்‌ஷன் டிசைனர் என்று பெயராம். கோயிலில் விசாரிக்கிறவர்களுக்கு, பெயின்ற் அடிக்கிறாள் என்று சொல்லிவிடுவேன். பிக்கரிங்கில் இருக்கும் என் தங்கைக்கு அந்தப் பதில் நல்ல சந்தோசம். அவளுடைய பிள்ளைகள் எக்கவுண்டன்மார்.

முதலில் மற்றவர்களின் செட்டுக்குக் கதிரை தூக்கினாள். பிறகு புதுச் சுவருக்கு அழுக்குப் பூசினாள். இந்த மாரி காலத்தில்தான் ஒரு முழுப் படம் அவள் பொறுப்பில் வந்தது. கதை, ஸ்காபரோவில் ஒரு தமிழ்க் குடும்பம். ஆஸ்பத்திரியில் கிடக்கும் தகப்பன் பாதியில் செத்துப்போவார், ஆளைக் காட்டமாட்டார்கள்.

என் மனுசன், அவளுடைய தகப்பன், முந்தின கோடையில்தான் போனார். அவருடைய படத்தை மகள் பெரிதாக்கிச் சட்டம் போட்டுத் தந்தாள். எங்கள் வீடுகளில் ஒருவரைத் தனியாகச் சுவரில் கொழுவினால் அவர் செத்தவர். நான் அதை அலுமாரிக்குப் பின்னால் திருப்பி வைத்தேன். ஏன் கொழுவவில்லை என்று அவள் கேட்கும்போதெல்லாம் ஒரு சாட்டுச் சொன்னேன். அழவும் இல்லை. சமைத்தேன், சாப்பிட்டேன், பேரப்பிள்ளைகளைப் பகிடி பண்ணினேன். பல்லுப் பிடுங்க ஊசி போட்ட வாய் மாதிரி இருந்தது எல்லாம்.

ஒருநாள் மகள் வந்து அலுமாரிக்கு முன்னால் நின்றாள்.

"அம்மா, செட்டிலை கொழுவ ஒரு செத்த ஆளின்ரை படம் வேணும். குடும்பம் சம்மதிக்காமல் ஆரையும் போடேலாது."

"அப்ப கொப்பர் நடிக்கப் போறார் எண்டு சொல்லு."

"நீங்கள் வேண்டாமெண்டால் விடுறன்."

"கொண்டு போ. வசனம் மட்டும் குடுத்துப்போடாதை, பிறகு நிப்பாட்டமாட்டார்."

அவள் சிரிக்கவில்லை. சட்டத்தைத் துடைத்து எடுத்துப் போனாள்.

படம் பிடிக்கும் அன்று என்னையும் கூட்டிப்போனாள். பெரிய கொட்டில் ஒன்றுக்குள் அந்த வீடு நின்றது. உள்ளே போனதும் முன்சுவரில் அவர். சந்தனப் பொட்டு, மாலை, கீழே சின்ன லைற். எனக்கு ஒன்றும் செய்யவில்லை. சேட்டுக் கொலரை ஒழுங்காக அயன் பண்ணவில்லையே என்றுதான் யோசித்தேன். நடிக்க வந்த பெண் அவருக்கு முன்னால் விழுந்து அழுதாள். டிரெக்டர் திரும்பவும் கேட்க, திரும்பவும் அழுதாள். என்ரை பங்கையும் சேர்த்து அழட்டும் என்று ஒரு மூலையில் இருந்தேன்.

மத்தியானச் சாப்பாடு முடிய, மகள் மாலையைக் கழற்றினாள். படத்தையும் இறக்கினாள். ஏன் என்று கேட்டேன்.

"பின்னேரம் எடுக்கிறது அதுக்கு முந்தின சீன், அம்மா. இன்னும் ஆள் சாகேல்லை."

இவர்கள் கதையை வரிசையாக எடுப்பதில்லையாம். எது வசதியோ அது முதல். ஆணியைப் பிடுங்கி, துளையை அடைத்து, மேலே பெயின்ற் தடவினாள். ஒரு கோப்பி குடிக்கிற நேரத்துக்குள் அந்தச் சுவரில் ஒருவரும் செத்திருக்கவில்லை. நான் கிட்டப் போய்த் தேடினேன். துளை இருந்த இடம் தெரியவில்லை.

"இவ்வளவு லேசோ?"

"இது பிளைவூட், அம்மா."

பின்னேர வேலையும் முடிய, காரில் படத்தை ஒரு போர்வையில் சுற்றி என் மடியில் வைத்தாள். வெக்ஸ்போர்ட்டில் இருக்கும் என் அபார்ட்மெண்டுக்கு வரும்வரை அது மடியில்தான் இருந்தது. கனமாக இருந்தது. வாசலில் சப்பாத்தைக் கழற்றிக்கொண்டே கேட்டேன்.

"இனி உங்களுக்கு உது தேவையோ?"

"இல்லை. அவரின்ரை சீன் எல்லாம் முடிஞ்சுது."

"அப்ப இஞ்சை கொழுவு."

அவள் என்னைப் பார்த்தாள். நான் சோபாவுக்கு மேலே கையைக் காட்டினேன். எங்கள் சுவர் கொங்கிறீற். முதல் ஆணி வளைந்தது, அடுத்ததும் வளைந்தது. பிறகு ஒன்று பிடித்தது. படம் நேராக இருக்கிறதா என்று அவள் பின்னால் தள்ளி நின்று பார்த்தாள். நேராகத்தான் இருந்தது. மாலை போடவோ என்று கேட்டாள்.

போடு என்றேன். நிலத்தில் சிந்திய தூளைக் கூட்டி அள்ளினேன். பிறகு புட்டுக்கு மாக் குழைக்கப் போனேன்.