வாயசைக்க மாட்டேன்

கழுத்தில் கட்டி, ஆபரேஷன் செய்ய வேண்டும் என்று டாக்டர் சொன்னபோது, பிழைப்பேனா என்று கேட்கத் தோன்றவில்லை. "பாட முடியுமா?" என்றுதான் கேட்டேன். அவர் கொஞ்சம் யோசித்தார். "குரல் வரும்மா. பழைய மாதிரி வருமான்னு சொல்ல முடியாது" என்றார்.

மதுரைப் பக்கம் கரகாட்டக் குழுவில் பாட்டுக்காரியாக ஊர் ஊராகச் சுற்றியவள் நான். ஒரு திருவிழா முடிந்தால் மூட்டையைக் கட்டிக்கொண்டு அடுத்த ஊருக்குப் பஸ் ஏறுவோம். மைக் கெட்டுப்போனாலும், தவிலையும் நாயனத்தையும் மீறி என் குரல் கடைசி வரிசைக்குப் போகும். அப்படித்தான் மலேசியாவில் பினாங்குக் கோயில் ஒன்றில் பாட வந்தேன். வந்த இடத்தில் ஒரு லாரி டிரைவரைப் பிடித்துப்போய், அவரையே கட்டிக்கொண்டு, அங்கேயே டத்தோ கிராமாட்டில் குடியேறிவிட்டேன். கூத்தாடி என்று அவருடைய சொந்தக்காரர்கள் முகம் சுளித்தார்கள். வாயுள்ள பிள்ளை பிழைக்கும் என்று நானும் விடவில்லை. இங்குள்ள உறுமிக் குழு ஒன்றில் சேர்ந்து கோயில் கோயிலாகப் பாடினேன். சுளித்த முகங்களெல்லாம் பிறகு முன்வரிசையில் நாற்காலி பிடித்து உட்கார்ந்தன.

ஆபரேஷனுக்குப் பிறகு பல வாரம் தொண்டையிலிருந்து வெறும் காற்றுதான் வந்தது. அப்புறம் குரல் வந்தது, அடித்தொண்டையில், கரகரவென்று. ஆர்டர் செய்த சாப்பாட்டைக் கொண்டுவந்தவன் போனில், "ஓகே அங்கிள், கீழ நிக்கிறேன்" என்றான். "அங்கிள் இல்லடா, ஆன்ட்டி!" என்று கத்தினேன். "சாரி அங்கிள்" என்றான். இன்று சொல்லிச் சிரிக்கிறேன். அன்று தலையணையில் முகம் புதைத்து அழுதேன். மறுநாளிலிருந்து குளியலறைக் கதவைச் சாத்திக்கொண்டு, என் பாட்டுகளை ஒவ்வொன்றாகச் சுருதி இறக்கிப் பாடிப் பார்த்தேன். எட்டாத இடத்தை விட்டுவிட்டு, எட்டுகிற இடத்தில் ஊன்றி நின்றேன்.

ஆடி மாதம் நிபோங் திபாலில் ஓர் அம்மன் கோயில் திருவிழாவுக்கு எங்கள் குழுவை அழைத்தார்கள். குழுத் தலைவர், என்னைவிட வயதில் இளையவர், வீட்டுக்கே வந்தார்.

"அக்கா, உங்க பழைய பாட்டு லேப்டாப்ல கிளியரா இருக்குலா. நீங்க மைக்க புடிச்சிட்டு வாய மட்டும் அசைங்க, போதும். கமிட்டிக்கு உங்க முகம்தான் வேணும்."

"முகம் வேணும்னா போட்டோவ மாட்டச் சொல்லு தம்பி. நான் பாடுவேன்."

"ஜனங்க எழுந்து போயிட்டா?"

"போகட்டும். அவங்க கால், அவங்க நடக்குறாங்க."

"ஒரு நாள்தானே, அசைச்சிட்டு வாயேன்" என்றார் என் வீட்டுக்காரர். அன்று அவர் ரொட்டி சானாய் கடைக்குப் போய்த்தான் சாப்பிட வேண்டியிருந்தது.

தலைவர் சரியென்று தலையை ஆட்டிவிட்டுப் போனார். நானும் நம்பினேன். ஆனால் மேடையில் உறுமி தொடங்கி, நான் மூச்சை இழுப்பதற்குள், ஸ்பீக்கரிலிருந்து என் பழைய குரல் கிளம்பிவிட்டது. அடேயப்பா, என்ன குரல்! எனக்கே மெய்சிலிர்த்தது. அந்தக் குரல்மேல் பொறாமையாகவும் இருந்தது. அதைச் சொல்ல எனக்கு வெட்கமில்லை. வாயை இறுக மூடினேன். மைக்கை இடுப்புக்கு இறக்கி, கூட்டத்தைப் பார்த்தபடி அசையாமல் நின்றேன். பாட்டு அதுபாட்டுக்கு ஓடியது. கூட்டத்தில் சலசலப்பு எழுந்தது, யாரோ சிரித்தார்கள். தலைவர் வேர்த்து விறுவிறுத்துப் போய் லேப்டாப்பை நிறுத்தினார். உறுமியை மட்டும் நிறுத்தாதீர்கள் என்று சைகை காட்டிவிட்டு, அதே பாட்டை என் புதுக் குரலில் எடுத்தேன்.

சிலர் கார் சாவியை எடுத்துக்கொண்டு நடையைக் கட்டினார்கள். இரண்டாவது அடியில் குரல் உடைந்தது. உடைந்த இடத்திலிருந்தே மறுபடி பிடித்து ஏறினேன். உறுமிக்காரர் வாசிப்பைத் தணித்து எனக்கு வழிவிட்டார். பாட்டை முடித்தேன்.

முன்வரிசையிலிருந்து ஓர் அம்மா எழுந்தார். "முதல்ல ஒரு பொண்ணு நல்லா பாடிச்சே, அத ஏன் நிறுத்தினீங்க?"

மேடையிலிருந்து இறங்கி அவரிடம் தனியாகச் சொல்லியிருக்கலாம். நான் மைக்கிலேயே சொன்னேன்.

"அது நான்தான்கா. இதுவும் நான்தான். அவ பாடி முடிச்சிட்டா, எனக்கு இன்னும் பாட்டு இருக்கு. உக்காருங்க."

அவர் உட்கார்ந்தார். அடுத்த பாட்டை எடுத்தேன்.