சுமியே பேசிய ஒரே படம்

ஷிதாயாவில் டோஃபு கடை வைத்திருந்தவரின் நாலாவது பெண் அவள். நாலாவதும் பெண்ணாகப் போனதால், இதோடு நிறுத்து என்ற பொருளில் தோமெ என்று பெயர் வைத்துவிட்டார்கள். ஹனாமுரா சுமியே என்பது பின்னால் ஸ்டூடியோக்காரர்கள் வைத்தது. நாங்களும் அதையே சொல்லிப் பழகிவிட்டோம்.

ஆரம்பத்தில் படங்களில் பெண் வேடத்தையும் ஆண்களே கட்டினார்கள். 1923இல் ஊரையே அழித்த பெரிய நிலநடுக்கத்துக்குக் கொஞ்சம் முன்னால்தான் பெண்களைத் தேட ஆரம்பித்தார்கள். டெலிபோன் எக்ஸ்சேஞ்சில் வேலை பார்த்துக்கொண்டிருந்த தோமெ, வீட்டில் சொல்லாமல் ஸ்டூடியோவுக்குப் போய்த் தேர்வாகிவிட்டாள்.

"ஆம்பளைங்க பொம்பளையா நடிக்கிற எடத்துல உனக்கென்னடி வேலை?" என்றார் அப்பா.

"அவங்களுக்குத் தாடி முளைக்குதாம்ப்பா. அதான் என்னைக் கூப்பிடுறாங்க."

அப்பா சிரிக்கவில்லை. மறுநாள் அவள் துணிமூட்டை வாசலில் கிடந்தது. அதைத் தூக்கிக்கொண்டு எங்கள் வரிசை வீட்டில் என் அறைக்கு அடுத்த அறைக்கு வந்தாள். நான் அப்போது அசகுசாவில் ஒரு சினிமாக் கொட்டகையில், உட்காரும் திண்டுகளை வாடகைக்குக் கொடுத்துக்கொண்டிருந்தேன்.

தங்கை, நர்ஸ், குடிகாரன் மனைவி என்று அழுகிற வேடமெல்லாம் அவளுக்கே வந்தது. ஜனவரி மாத ஆற்றில் இடுப்பளவு தண்ணீரில் நிற்கவைத்துப் படமெடுத்தார்கள். வீட்டுக்கு வந்ததும் ஈரத்துணியைக் கண்ணில் போட்டுக்கொண்டு படுத்துவிடுவாள்.

"உருக்கமா அழறேன்னு எல்லாரும் சொல்றாங்க, ஓரியே அக்கா. அந்த ஸ்டூடியோ வெளக்கு வெளிச்சத்துல யாரு நின்னாலும் கண்ணுல தண்ணி வரும்" என்பாள் என்னிடம்.

ஊமைப்படக் காலம். திரைக்குப் பக்கத்தில் ஒருவர் நின்று, கதையையும் சொல்லி எல்லோருடைய பேச்சையும் பேசுவார். எங்கள் கொட்டகையில் அந்த வேலை குராத்தா ஷின்பேயுடையது. நடிகர்களுக்காக வந்தவர்களைவிட அவர் குரலுக்காக வந்தவர்கள் அதிகம். சுமியே ஒருநாள் தன் படத்தைப் பார்க்க வந்தாள். கட்டிலில் கிடக்கும் கணவனைப் பார்த்து அவள் உதடு அசைக்கும் இடத்தில், ஷின்பேய் பேசிய பேச்சுக்குக் கொட்டகையே மூக்கைச் சிந்தியது. படம் முடிந்ததும் நேராக அவரிடம் போனாள்.

"நான் அங்க அப்படிச் சொல்லவே இல்லைங்க."

"வாய் அசைஞ்சுதே. ஏதாவது சொல்லணுமில்ல? நீ என்னதான் சொன்னே?"

"பசிக்குதுன்னு சொன்னேன்."

அவர் அவளை நூடுல்ஸ் கடைக்குக் கூட்டிக்கொண்டு போனார். அடுத்த வசந்தத்தில் கல்யாணம். பத்து வருடம்போல நன்றாக இருந்தார்கள். அவள் நடித்தாள், அவர் பேசினார்.

பிறகு பேசும் படம் வந்தது. ஸ்டூடியோவில் அவள் குரலைச் சோதித்துப் பார்த்து எடுத்துக்கொண்டார்கள். அந்தப் படம் எங்கள் கொட்டகைக்கே வந்தது. ஷின்பேய் நிற்கும் இடத்தில் விளக்குப் போடவில்லை. அவர் பின்வரிசையில் என் பக்கத்தில் வந்து நின்றார். அவள் முதல் வார்த்தை பேசியதும் கூட்டம் அப்படியே அடங்கிப்போனது.

"வீட்டுல கேக்கிறதைவிட நல்லா இருக்கு" என்று சொல்லிவிட்டு வெளியே சிகரெட் பிடிக்கப் போனார்.

சில மாதங்களில் கதை சொல்கிறவர்களை எல்லாக் கொட்டகைகளும் நிறுத்தின. அவர்கள் வேலைநிறுத்தம் செய்தார்கள், வாசலில் உட்கார்ந்தார்கள், ஒன்றும் நடக்கவில்லை. அதே சமயத்தில் சுமியேயையும் ஸ்டூடியோ வேண்டாமென்றுவிட்டதாக அவளே சொன்னாள். அவர் நம்பினார், நானும் நம்பினேன். அவர் சைக்கிளில் படப்பெட்டியைக் கட்டிக்கொண்டு தெருத்தெருவாகப் போய், குழந்தைகளுக்கு மிட்டாய் விற்று, அட்டைப்படம் காட்டிக் கதை சொன்னார். அவள் கிமோனோ தைத்துக் கொடுத்தாள்.

யுத்தம் வந்தது. ஷின்பேய் நுரையீரல் கெட்டுப் படுத்துவிட்டார். ஸ்டூடியோவில் முன்பு உதவி டைரக்டராக இருந்த நாகசே அவரைப் பார்க்க வந்தார். பழைய பேச்சுக்கு நடுவே, "அந்தப் பேசும் படத்துக்கு அடுத்த படத்துல அம்மா வேஷத்துக்கு இவங்களைத்தான் நெனச்சிருந்தோம். ஆள்மேல ஆள் அனுப்பினோம். உடம்பு முடியலை, நடிக்கிறதையே விட்டுட்டேன்னுட்டாங்க" என்றார்.

அவர் போன பிறகு ஷின்பேய் அவளைப் பார்த்தார். கஞ்சி கொண்டுபோன நான் வாசலிலேயே நின்றுவிட்டேன்.

"அவங்க வேண்டாம்னு சொன்னதா சொன்னியே."

"நீங்க பேச்சில்லாம உக்காந்திருக்கும்போது நான் மட்டும் போய்ப் பேசுறது எப்படிங்க?"

"என்னை ஒரு வார்த்தை கேட்டியா?"

"கேட்டா போன்னுதான் சொல்லுவீங்க."

"சொல்லியிருப்பேன். அதுல என்ன தப்பு?" இருமல் அடங்க நேரமாயிற்று. "அந்தப் படம் உவேனோ கொட்டகைக்குப் போனப்ப தினமும் போய்க் கேட்டேன். எங்க மூச்சு வாங்குறே, எந்த வார்த்தையை முழுங்குறேன்னு. அடுத்த படத்துக்குள்ள சொல்லித் தரலாம்னு இருந்தேன்."

நான் கஞ்சியை வாசலிலேயே வைத்துவிட்டு வந்தேன். இலையுதிர்காலத்தில் அவர் இறந்துபோனார்.

யுத்தம் முடிந்ததும் அவள் மறுபடி ஸ்டூடியோவுக்குப் போனாள். அங்கே அவளைத் தெரிந்தவர்கள் யாருமில்லை. கும்பலோடு நிற்கிற வேலைதான் கிடைத்தது. கடைசியில் பொதுக் குளியலறையில் காசு வாங்கும் பெண்ணாக ஒரு வேடம் கொடுத்தார்கள்.

"இதுல பேசுறேன் அக்கா. வந்து கேளுங்க" என்று என்னைக் கூட்டிப் போனாள்.

அந்தக் காட்சி வந்தது. அவள் முகம் தெரிந்தது, வாய் திறப்பதற்குள் படம் வேறு இடத்துக்குப் போய்விட்டது.

"வெட்டிட்டாங்க போல" என்றாள்.

வெளியே மழை. டிராமுக்கு நிற்கும்போது, அவள் பேசிய அந்தப் படத்தைப் பற்றி விசாரித்ததாகச் சொன்னாள். குண்டுவீச்சில் எரிந்துவிட்டதாம், ஒரு பிரதிகூட மிஞ்சவில்லையாம்.

அதன் பிறகு அவள் நடிக்கப் போகவில்லை. தன் சொந்த அக்கா ஒருத்தியின் மகள் வீட்டில் சில வருடங்கள் இருந்து இறந்துபோனாள். சுமியேயின் குரல் எப்படி இருக்கும் என்று எப்போதாவது யாராவது என்னிடம் கேட்கிறார்கள். கொஞ்சம் கரகரப்பாக, தாழ்ந்து இருக்கும் என்கிறேன். அதற்கு மேல் எனக்குச் சொல்லத் தெரியவில்லை.