ஈனாக் ஹார்டகரின் மகன்

லண்டன் பேருந்துகளில் லெஸ்லியைப் பார்ப்பவர்கள் மறுபடியும் ஒருமுறை திரும்பிப் பார்ப்பார்கள். "உங்கள எங்கயோ பாத்திருக்கேனே... எங்க வீட்டுக் குழாய் ரிப்பேருக்கு வந்தீங்களா?" என்று கேட்பார்கள். ஆமாம் என்று தலையாட்டிவிட்டு அவர் இறங்கிப் போவார். பதினெட்டு வருஷத்தில் திரையில் அவர் பதினோரு முறை போலீஸ்காரர், ஆறு முறை பாதிரியார், நான்கு முறை பிணத்தை முதலில் பார்க்கிறவர். கதாநாயகன் கண்ணீர் விடும்போது பின்னால் தேநீர்த் தட்டோடு நிற்கும் ஆள் யார் என்று எவரும் கேட்பதில்லை. ஆனால் அந்த ஆள் தட்டை ஒழுங்காகப் பிடிக்காவிட்டால் கண்ணீரும் பொய்யாகிவிடும். லெஸ்லி ஒரு தட்டையும் தப்பாகப் பிடித்ததில்லை. அதில் அவருக்குக் கர்வம் உண்டு, இருக்கட்டுமே.

குறை ஒன்றுதான். திரையில் வருகிற பெயர் லெஸ்லி டன்ஸ்டன்; பிறந்த பெயர் லெஸ்லி ஹார்டகர். நடிகர் சங்கத்தில் ஒரே பெயரில் இருவர் இருக்கக் கூடாது. அவர் சேரப்போன அன்று குமாஸ்தா பதிவேட்டைப் புரட்டி, "அந்தப் பேர்ல பிரிஸ்டல்ல ஏற்கெனவே ஒருத்தர் இருக்காருங்க. மேடையில ரெண்டு பேர் சேந்து போடற மாட்டு வேஷத்துல பின்னங்கால்," என்றார். முகமே தெரியாத தொழிலுக்கு முழுப் பெயர்! லெஸ்லி வயிற்றெரிச்சலோடு ஜன்னலுக்கு வெளியே பார்த்தார். எதிரே ரொட்டிக்கடைப் பலகையில் இருந்த டன்ஸ்டனை எழுதிக் கொடுத்துவிட்டு வந்தார்.

வட இங்கிலாந்தில் ஹாலிஃபாக்ஸில் கம்பளி ஆலையில் தறி மேஸ்திரியாக இருந்த அப்பா ஈனாக், செய்தி தெரிந்ததும் குதித்தார்.

"எம் பேரு உனக்குக் கசக்குதாடா? ரொட்டிக்காரன் பேரு இனிக்குதோ? திரையில ஹார்டகர்னு வர்ற அன்னிக்குச் சொல்லு, வந்து பாக்கறேன்."

சொன்னபடியே மகன் நடித்த எதையும் அவர் பார்க்கவில்லை. தெருவில் கேட்டவர்களிடம், பையன் லண்டனில் இன்சூரன்ஸ் ஆபீஸில் இருக்கிறான் என்று சொல்லிவைத்தார். அதுதான் லெஸ்லியின் நெஞ்சை அறுத்தது. அப்பாவுக்கு எழுபத்தாறு வயதாகிவிட்டது. ஒருமுறையாவது அவர் பார்க்க வேண்டும்.

1966-இல் தொலைக்காட்சி நாடகம் ஒன்றில் ஆலை மேஸ்திரி வேடம் வந்தது. உண்மையான ஆலையில், ஓடுகிற தறிகளுக்கு நடுவே படப்பிடிப்பு. இருந்தது ஒரே வசனம். இரைச்சலில் அதுவும் மூழ்கிப்போனது.

"விட்டுருங்க லெஸ்லி," என்று இயக்குநர் காதருகே கத்தினார். "எதையாவது வாயசைங்க, போதும். யாருக்குக் கேக்கப்போவுது?"

அவர் லண்டன் பக்கத்துத் தெற்கத்திக்காரர், பாவம். ஆலைச் சனம் தறிக்கூடத்தில் சத்தமில்லாமல், வாயை அகல அகலமாக அசைத்துப் பேசும் என்பது அவருக்குத் தெரியாது. எதிரில் இருப்பவர் உதட்டைப் பார்த்தே புரிந்துகொள்வார். வம்பு, சண்டை, காதல் எல்லாம் அங்கே அப்படித்தான் நடக்கும். கேமரா ஓடியது. லெஸ்லி அதை நேராகப் பார்த்து, ஒவ்வொரு சொல்லாக வாயை அசைத்தார். இயக்குநருக்குப் பரம திருப்தி.

ஒளிபரப்பான ஞாயிற்றுக்கிழமை லெஸ்லி ஊருக்கு வந்திருந்தார். அக்கா எட்னா தொலைக்காட்சியைப் போட்டாள். அப்பா செய்தித்தாளை முகத்துக்கு நேரே தூக்கிப் பிடித்துக்கொண்டார். தறி இரைச்சலில் அவர் காது எப்போதோ போய்விட்டது. கண்ணாடி போட்டால் கண் மட்டும் இன்னும் கூர்மை.

எட்னா அவர் முழங்காலைத் தட்டித் திரையைக் காட்டினாள். வரிசையாகத் தறிகள். செய்தித்தாள் ஒரு விரல் அளவு இறங்கியது.

"எவன்டா அந்தப் பாவு நூலக் கட்டினது? தொங்குது பாரு!"

பிறகு முழுதாக இறங்கியது. திரையில் மகன் நின்றான். அவன் உதடுகள் அசைய, கிழவரின் உதடுகளும் கூடவே அசைந்தன.

"நான்... ஹாலிஃபாக்ஸ்... ஈனாக் ஹார்டகர் மகன்."

பத்து நொடிகூட இல்லை. அப்பா கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். லெஸ்லிக்கு அவர் முகத்தைப் பார்க்கத் தைரியம் வரவில்லை.

வாசல் கதவைத் தடதடவென்று தட்டினார்கள். முப்பது வருஷம் தறி ஓட்டிய பக்கத்து வீட்டுக் கிரீன்வுட் அம்மா நின்றாள். பின்னால் தெருப் பெண்கள் நாலைந்து பேர். எல்லோரும் திரையில் அவன் உதட்டைப் படித்துவிட்டிருந்தார்கள். ஈனாக்குக்குப் புரியும்படி அவள் வாயை அகலத் திறந்து அசைத்துக் கேட்டாள்.

"ஈனாக்கு! உம் பேர டிவியில சொல்றானேய்யா! பையன் இன்சூரன்ஸ்ல இருக்கான்னியே?"

"இன்சூரன்ஸா? நான் எப்ப சொன்னேன்? உள்ள வா, உக்காந்து பாரு."

நாற்காலி போதாமல் பெண்கள் மாடிப்படியிலும் உட்கார்ந்தார்கள். நாடகம் முடிகிற வரை கிழவர் கண்ணை எடுக்கவில்லை. கடைசியில் பெயர்கள் ஓடின. மேஸ்திரி: லெஸ்லி டன்ஸ்டன் என்று வந்தது.

ஈனாக் எழுந்து நின்று திரையை நோக்கிக் கையை நீட்டினார்.

"பாத்தியா கிரீன்வுட்டு? எம் பையன் பேரத் தப்பாப் போட்டிருக்கானுங்க!" என்றார், தெருவுக்கே கேட்கும்படி. "எட்னா, பேனா எடுடி. நாளைக்கே லண்டனுக்கு எழுதணும்."