மயிலைக்காளைக்கு எழுதிய தாள்

மந்திரமூர்த்திக்கு ஐம்பது வயது இருக்கும். உப்பளத்திலிருந்து தூத்துக்குடி துறைமுகத்துக்கு மூட்டை ஏற்றிவரும் வண்டிக்காரர். வண்டியும் மாடுகளும் முதலாளிக்குச் சொந்தம். மனைவி இறந்தபின் தொழுவத்திலேயே மாடுகளோடு படுத்துக்கொண்டார். ஜோடியில் மயிலைக்காளைக்குக் கழுத்தில் புண். மணலில் சக்கரம் புதையும் இடம் வந்தால் அதை அவிழ்த்துவிட்டு, நுகத்தடியின் அந்தப் பக்கத்தைத் தன் தோளில் தாங்கி இழுப்பார்.

"ஏலே மந்திரம், கொம்பு ஒண்ணுதாம்ல ஒனக்குப் பாக்கி!" என்பார்கள் மற்ற வண்டிக்காரர்கள்.

"மொளைக்கட்டும்ல, மொதக் குத்து ஒனக்குத்தான்."

1944இல் நான் அவ்வூர் மிருகவதைத் தடுப்புச் சங்கத்தில் இன்ஸ்பெக்டர். எங்கள் வீட்டில் முதலில் பி.ஏ. படித்தவன். ஒருநாள் அவர் வண்டியை நிறுத்தி, புண்ணில் பூசியிருந்த வேப்பெண்ணெயைத் துடைத்துப் பார்த்தேன். பத்து நாள் ஓய்வு என்று எழுதுவது வழக்கம். அதைச் சொன்னேன்.

"பத்து நாள் செண்டு அதே கழுத்துல அதே தடிதானய்யா? புண்ணு ஆறுதது மாட்டுக்கா, வண்டிக்கா?"

இனி நுகமே வேண்டாம் என்று நினைத்து, 'இம்மாடு வேலைக்குத் தகுதியற்றது' என்று எழுதிக் கையெழுத்திட்டேன். அவர் கும்பிட்டார். சட்டத்தைத் தாண்டி ஒரு நியாயம் செய்துவிட்டதாக எனக்குப் பெருமை.

அது யுத்த காலம். பட்டாளத்துக்கு இறைச்சி வேண்டியிருந்தது. உழைக்கும் மாட்டை வெட்டக்கூடாது என்று சர்க்கார் உத்தரவு. உழைக்க முடியாத மாட்டுக்கு அந்தக் காவல் இல்லை. இதை நான் யோசிக்கவே இல்லை. முதலாளி என் தாளைக் காட்டியே மயிலையை இறைச்சிக்கு விற்றுவிட்டார்.

மந்திரமூர்த்தி ஆபீசுக்கு ஓடிவந்தார்.

"அந்தத் தாளக் கிழிச்சிப் போடுங்கய்யா! பத்து நாள்னே எழுதுங்க. நுகத்துல கெடந்தாலும் உசிரோட கெடக்கட்டும்!"

புதிய தாள் எழுதிக்கொண்டு இருவரும் ரயிலடிக்கு ஓடினோம். மாடுகளை ஏற்றிய ரயில் காலையிலேயே போய்விட்டிருந்தது. தண்டவாளத்தின் ஓரத்தில் அவர் குந்திவிட்டார். என்னைத் திட்டுவார் என்று நின்றேன். திட்டியிருக்கலாம்.

"நாந்தானய்யா அந்தக் கேள்வியக் கேட்டேன்" என்றார்.

பிறகு அவர் எந்த மாட்டையும் நுகத்தில் பூட்டவில்லை. தோணிகளுக்கு மூட்டை சுமக்கப் போனார். வழியில் என்னைக் கண்டால் கும்பிடுவார், எதையும் கேட்பதில்லை. நான் இப்போதும் பத்து நாள் என்றுதான் எழுதுகிறேன்.