வராத அம்மாள் வருத்தம்

எனக்கு வந்த நோய் வருத்தங்களிலேயே சுகமானது, வராத அம்மாள் வருத்தம்தான்.

வெள்ளைக்காரனின் யுத்தம் நடந்த காலம். சண்டை எங்கேயோ, நெல் மட்டும் எங்கள் வட்டை வயல்களிலிருந்து போகவேண்டியிருந்தது. விளைந்ததை அரசாங்கம் அள்ளிக்கொண்டு, கூப்பனுக்குப் புழுத்த மாவைத் தந்தது. நெல்லை ஒளித்தவர்களை விலங்கு மாட்டிக் கொண்டுபோனார்கள். ஒளித்த நெல்லைத் தேடித் துரை வாறார் என்று கேள்விப்பட்டதுமே அப்பா தோணியை எடுத்துக்கொண்டு வாவிக்குள் போய்விட்டார். மீன் பிடிக்கவாம்.

அடுத்த வெள்ளாமை வரைக்கும் எங்கள் வயிறு வீட்டில் கொடுக்காமல் வைத்திருந்த நெல்லை நம்பித்தான் இருந்தது. அம்மா மூடைகளை நெருக்கி அடுக்கி, மேலே பாயை விரித்தா. என் முகத்தில் மஞ்சளை அப்பி அதில் கிடத்தினா. தங்கச்சியைப் பக்கத்தில் இருத்திவிட்டு, வாசல் கடப்படியில் வேப்பிலையைக் கட்டினா. அம்மை போட்டு அம்மாள் வந்திருக்கிற வளவுக்குள் எங்கள் ஊரில் எவரும் கால் வைக்கமாட்டார்கள்.

"வாயத் திறக்காம கிட மனே."

என் வாய் என் சொல்லையே கேட்காது. அம்மாவின் சொல்லையா கேட்கும்? இளநீர் கிடைத்தது, தங்கச்சி விசிறினாள். கேட்டதெல்லாம் கிடைக்கும் போலிருக்கே என்ற துணிவில், துரையும் ஊர் அதிகாரி விதானையும் கடப்படியில் வந்து நின்ற நேரம் பார்த்து, "அம்மா, மீன் பொரிச்சுத் தாங்க" என்று கத்தினேன்.

அம்மாள் வந்த வீட்டில் மீன் என்ற பேச்சே ஆகாது. விதானை வேலிக்கு மேலால் எட்டிப் பார்த்தார்.

"என்னகா புள்ள, மீன் கேக்கிறான்?"

"காய்ச்சல்ல பிசத்துறான் விதானையார். உள்ளுக்கு வந்து ஒருக்காப் பாருங்களன்."

அந்த உபசரிப்பே போதுமாயிருந்தது. விதானை கன்னத்தில் போட்டுக்கொண்டார். துரை கைலேஞ்சியால் மூக்கைப் பொத்தினார். இருவரில் யார் முந்திப் போனார்கள் என்று தங்கச்சியும் நானும் பிறகு கனகாலம் சண்டை பிடித்தோம்.

பொழுதுபட, அம்மா வேப்பிலைக்கு முன்னால் விளக்கை வைத்துவிட்டு விழுந்து கும்பிட்டா.

"பொய்க்கு உன்னைக் கூப்பிட்டுட்டன் தாயே. வாறதெண்டா எனக்கிட்ட வா. புள்ளைகளத் தொடாத."

எனக்குச் சரியான கோபம். வருத்தக்காரனுக்குரிய சுகத்தையெல்லாம் அம்மா தனக்கே எடுத்துக்கொள்ளப் பார்க்கிறா. நானும் பக்கத்தில் விழுந்து, "இல்ல தாயே, எனக்குத்தான் வரோணும்" என்று உரக்க வேண்டினேன்.

அம்மா பாய்ந்து என் வாயைப் பொத்தினா. துரைக்கு முன்னால் நான் கத்தியபோதுகூடப் பொத்தாத கையை அப்போது எடுக்கவேயில்லை. அதில் வேப்பிலை கசந்தது. அன்றைக்கு எனக்கு விளங்கியது அந்தக் கசப்பு மட்டும்தான்.