லியோர் என்று ஒரு பெயர்

சுவிஸில், பாசல் நகரத்து ஆஸ்பத்திரியில் நான் துப்புரவு வேலை செய்தபோது, பிரசவ வார்டில் தன் மனைவிக்குத் துணையிருந்தவர் அவர். யாழ்ப்பாணத்து வேதக்காரர், கழுத்தில் சிலுவை, தாடியில் இளநரை. மனைவியின் வயிற்றருகே குனிந்து கதைத்துக்கொண்டே இருப்பார்.

"லியோர் எண்டு பேர் வைச்சிட்டம் அண்ணை. எபிரேயச் சொல். 'என்ரை வெளிச்சம்' எண்டு அர்த்தம். ஆணெண்டாலும் பெண்ணெண்டாலும் பொருந்தும்."

துடைப்பதை நிறுத்திவிட்டு நிமிர்ந்தேன். "பிறந்து முப்பத்தொரு நாள் கழியாமல் பேர் வைக்கிறதோ? கண்ணூறு பட்டிடும் தம்பி."

"பேரில்லாமல் என்னெண்டு கூப்பிடுறது?" என்று சிரித்தார்.

பிள்ளை உயிரோடு பிறக்கவில்லை. என் வாய்தான் பலித்ததோ என்ற பயத்தில் அவர் கண்ணில் படாமல் ஒளிந்து திரிந்தேன். அவரே தேடி வந்தார்.

"முதலே வைச்சது நல்லதாப் போச்சு அண்ணை. பேர் சொல்லி அழ முடியுது."

பிறந்தது ஆணோ பெண்ணோ என்று கேட்க எனக்கு வாய் வரவில்லை. இன்றுவரை தெரியாது.