அண்ணனுக்கு இரண்டு ஓட்டு

அம்மாவுக்குக் கண் நன்றாகத் தெரியும். ஆபரேஷனுக்குப் பிறகு முன்னைவிட நன்றாகவே தெரிகிறது. அண்ணனின் நகைப் பட்டறைக்குப் பவளமும் முத்தும் கோத்துக் கொடுப்பது அவள்தான். ஓட்டுப் போடுவதற்கு முந்தின மாலைகூட என் கண்ணெதிரே ஒரு சரம் கோத்து முடித்தாள்.

எனக்குக் கல்யாணமானது காரைக்குடியிலேயே, பக்கத்துத் தெருவில். அதனால் எனக்கும் அம்மா வீட்டுக்கும் ஒரே பூத். எப்போதும் விடிந்ததும் போட்டுவிட்டு வந்துவிடுவேன். இந்தத் தடவை சமையல் முடித்துத் தாமதமாகப் போய் வரிசையில் நின்றேன். அண்ணன் அம்மாவைக் கையைப் பிடித்துக் கூட்டி வந்தான். அவள் முகத்தில் ஆபரேஷனுக்குக் கொடுத்த கறுப்புக் கண்ணாடி. இருவரும் வரிசையில் நிற்காமல் நேராக உள்ளே போனார்கள். எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. நானும் பின்னாலேயே நுழைந்தேன்.

"அம்மாவுக்குக் கண்ணு தெரியாது சார். நான்தான் கூட நின்னு அமுக்கணும்" என்று அதிகாரியிடம் சொல்லிக்கொண்டிருந்தான்.

அங்கே உட்கார்ந்திருந்த கட்சி ஏஜெண்ட் உள்ளூர்க்காரர். "என்ன ஆசாரியம்மா, தேர்தல் வந்தாத்தான் கண்ணு தெரியாம வாரீக" என்று சிரித்தார்.

அப்படியென்றால் இது முதல் தடவை இல்லை. ஊருக்கே தெரியும். எனக்குத்தான் தெரியவில்லை.

"பொய் சார். அம்மா நேத்துதான் பவளம் கோத்துச்சு" என்றேன்.

"நீ அங்குட்டுப் போ" என்றான் அண்ணன்.

அதிகாரி அம்மாவிடமே கேட்டார். "தெரியுதாம்மா? நீங்களே போடுறீங்களா?"

அம்மா என் பக்கம் திரும்பவே இல்லை. "தெரியாது சார்."

மை வைத்தார்கள். அண்ணன் அமுக்கினான். மெஷின் கத்தியது. அவ்வளவுதான்.

எத்தனையோ பேர் கத்திப் போராடிப் பெண்களுக்கு ஓட்டு வாங்கிக் கொடுத்தார்கள் என்று பள்ளிக்கூடத்தில் படித்தேன். யாருக்கு வாங்கிக் கொடுத்தார்கள்? என் அண்ணனுக்கு.

நானும் ஓட்டுப் போட்டுவிட்டு வெளியே வந்தேன். அண்ணன் பைக் எடுக்கப் போயிருந்தான். அம்மா கண்ணாடியைக் கழற்றி முந்தானையில் துடைத்துக்கொண்டிருந்தாள்.

"எதுக்கும்மா அப்படிச் சொன்ன?"

"நான் அமுக்குனா, எதுல அமுக்குனன்னு அஞ்சு வருசமும் கேப்பான். அவன் வீட்டுச் சோறு திங்கிறேன். அவனே அமுக்கிட்டா ஒரு கேள்வி இல்ல. உங்க அப்பா இருந்தப்ப எனக்குக் கை நடுங்குதுன்னு சொன்னோம், அவரு அமுக்குனாரு."

"அப்ப நீ ஒரு தடவகூட அமுக்குனதில்லையா?"

"இல்ல."

 

"நீயா போட்டிருந்தா எதுல போட்டிருப்ப?"

அண்ணன் தூரத்தில்தான் இருக்கிறானா என்று பார்த்துக்கொண்டாள். பிறகு மெதுவாக ஒரு சின்னத்தைச் சொன்னாள்.

அண்ணன் பைக்கில் ஒட்டியிருக்கிற சின்னம் அது இல்லை.